ஒரு விரல் இடைவெளி

பார்க்டேலில் உடைந்த சாமான் ஒட்டுகிற கடையில் எனக்கு வேலை. பீங்கான், மண்சட்டி, சாமிச் சுருவம் எல்லாம் வரும். மாதாவுக்கு மூக்கு வைத்திருக்கிறேன். பிள்ளையாருக்குத் தந்தம் வைத்திருக்கிறேன். கடை அண்ணையுடையது. அவர் முன்னால் நின்று கதைப்பார். நான் பின்னால் இருந்து ஒட்டுவேன். படிப்பு எட்டாம் வகுப்போடு நின்றது.

போன குளிர்காலத்தில் ஒரு பெண் மண்சாடி ஒன்றைக் கம்பளியில் சுற்றிக் கொண்டுவந்தார். ஐம்பது வயது இருக்கும். இங்கே ஆஸ்பத்திரியில் நேர்ஸ். நியூ மெக்சிகோவில் இருக்கிற பியூப்லோ சனமாம். அந்தப் பேர் தாங்கள் வைத்தது இல்லை, ஸ்பானியர் வந்து வைத்தது, 'ஊர்' என்றுதான் அர்த்தம் என்றார்.

"அப்ப நாங்களும் பியூப்லோதான்" என்றார் அண்ணை. அந்தப் பெண் கொஞ்சம் சிரித்தார்.

சாடியைச் செய்தது அவருடைய அம்மா. ஊரில் தனியாக இருக்கிறார். சாடியின் வாயில் ஒரு துண்டு உடைந்திருந்தது.

நல்ல வேலை. சக்கரம் இல்லை. மண்ணைக் கயிறு மாதிரித் திரித்து, சுற்றிச் சுற்றி எழுப்பியது. சுவர் முட்டைக் கோது மாதிரி மெல்லிசு. வெள்ளைப் பூச்சின்மேல் மயிரளவு கறுப்புக் கோடுகள். தூரிகை, கூர் இலையொன்றைச் சப்பி எடுத்த நாராம். பழைய சட்டி உடைவுகளை அரைத்துப் புது மண்ணோடு குழைப்பார்களாம். செத்துப்போன ஆட்களின் சட்டியும் அதற்குள் இருக்கும். அதைக் கேட்டபிறகு சாடியைத் தொடக் கை கூசியது. தொட்டேன்.

செவ்வாய்க்கிழமை வாயை ஒட்டி முடித்தேன். அப்போதுதான் கண்டேன். கழுத்தைச் சுற்றி ஓடுகிற கோடு ஓரிடத்தில் முட்டவில்லை. ஒரு விரல் அகலம் வெள்ளை. மனுசிக்கு வயது போய்விட்டது, கண் தெரிந்திராது என்று நினைத்தேன். எங்களுக்குச் சுற்று என்றால் முட்டவேண்டும். கோயிலை முக்கால் சுற்றிவிட்டு யாரும் வீட்டுக்குப் போவதில்லை. கும்பத்துக்கு நூல் சுற்றினாலும் தொடங்கின இடத்தில்தான் முடிச்சு. பாதியில் விட்டால் கூடாது. மூடச் சொல்லி யாரும் கேட்கவில்லை. நானாகத்தான் கறுப்புப் பூச்சை எடுத்து மூடினேன்.

அந்தக் கறுப்பு பத்து நிமிடத்தில் காயும். காயவில்லை. புதன் தொட்டேன், விரலில் ஒட்டியது. வியாழனும் ஒட்டியது. அதே டப்பாவில் எடுத்து சாடியின் வாயில் பூசியது கல்லு மாதிரிக் காய்ந்துவிட்டது. ஹீட்டருக்குப் பக்கத்தில் வைத்தேன். அந்த விரலளவு மட்டும் ஈரம். சாடிக்குள் குனிந்தால் மழை விழுந்த மண் மணத்தது. வெளியே ஸ்னோ கொட்டிக்கொண்டிருந்தது.

"அண்ணை, உது காயுதில்லை."

"உன்ரை மூஞ்சையைப் பாத்துப் பயந்து நிக்குது. தள்ளி நில்."

பிறகு தானும் தொட்டார். விரலைக் காற்சட்டையில் துடைத்தார். அதற்குப் பிறகு பகிடி விடவில்லை.

வெள்ளி மத்தியானம் அந்தப் பெண் வந்தார். வாயைத் தடவி, நல்லது என்றார். சாடியைத் திருப்பினார். கை அப்படியே நின்றது.

"ஆர் மூடினது?" இங்கிலிசில்தான் கேட்டார். எங்கட பாஷையில் எழுதுகிறேன்.

"நான்."

"எப்ப?"

"செவ்வாய் பின்னேரம்."

அவர் சுவரோரம் கிடந்த வாங்கில் உட்கார்ந்துவிட்டார். செவ்வாய் பின்னேரம் தொடக்கம் அம்மா போன் எடுக்கவில்லையாம். பக்கத்து வீட்டு மச்சாள் போய்ப் பார்த்தாராம். அம்மா கட்டிலில் இருக்கிறார். ஒரு காலில் சப்பாத்து, மற்றது கையில். எங்கேயோ வெளிக்கிட்டவர் அப்படியே இருந்துவிட்டார். கேட்டால் பதில் இல்லை. தண்ணீர் பருக்கினால் குடிக்கிறார், சாப்பாடு இல்லை. டொக்டர் பார்த்து, ஒரு வருத்தமும் இல்லை என்றாராம்.

"அந்தக் கோடு அம்மாவின்ரை பாதை. செய்தவ உயிரோட இருக்குமட்டும் மூடக்கூடாது எண்டுவா. எங்கட ஆக்கள் எல்லாரும் அப்பிடி நினைக்கிறேல்லை. நாங்களே அம்மாவைப் பகிடி பண்ணுறனாங்கள்."

பஞ்சை எடுத்தேன். பூச்சுக் கரைக்கிற மருந்துப் போத்தலில் கை வைத்து, விட்டுவிட்டேன். இரண்டு பக்கமும் அம்மாவின் கோடு. அதில் ஒரு மயிர் கரைந்தாலும் போச்சு. காயாத கறுப்புக்குத் தண்ணீர் போதும். அண்ணை லைட்டைப் பிடித்தார். வெளிச்சம் ஆடியது.

"ஆட்டாதேங்கோ அண்ணை."

"நான் ஆட்டேல்லையடா, வெளியிலை ஸ்ட்ரீட்கார் போகுது, நிலம் அதிருது."

ஸ்ட்ரீட்கார் ஒன்றும் போகவில்லை.

கறுப்பு பஞ்சில் ஏறியது. இன்னொரு பஞ்சு. இன்னொன்று. வெள்ளை தெரிந்தது. ஒரு விரல் அகலம். அம்மாவின் கோடு இரண்டு பக்கமும் அப்படியே இருந்தது.

அந்தப் பெண்ணின் போன் அடித்தது. அம்மா.

அவர்களுடைய பாஷை எனக்குத் தெரியாது. முகத்தைத்தான் பார்த்தேன். அழுதார். சிரித்தார். பிறகு முகம் மாறியது.

"என்னவாம்?" என்றார் அண்ணை.

"எங்கை வெளிக்கிட்டனான் எண்டு இப்ப ஞாபகம் வந்திட்டுதாம். மற்றச் சப்பாத்தையும் போட்டிட்டா. போறாவாம்."

"எங்கை?"

"சொல்லுறா இல்லை."

போறன் என்று எங்கள் ஆட்கள் சொல்வதில்லை. போயிட்டு வாறன் என்போம். செத்தவீட்டில்தான் அதைச் சொல்லாமல் எழும்பி வருவோம்.

"போனை வைக்காதேங்கோ. வாறன் எண்டு சொல்லச் சொல்லுங்கோ."

அவருக்கு என் இங்கிலிஸ் விளங்கவில்லை. திருப்பிச் சொன்னேன்.

"போறன் எண்டதோட விடாதேங்கோ. திரும்பி வாறன் எண்டு அவவின்ரை வாயால வரவேணும்."

அவர் போனில் சொன்னார். ஸ்பீக்கரில் போட்டார். காற்று இரைந்தது. கதவு கிறீச்சிட்டது. அண்ணை வாயைப் பொத்திக்கொண்டு நின்றார். பிறகு ஒரு கிழவியின் குரல். கோபமான குரல்.

"என்னவாம்?" என்றேன்.

அந்தப் பெண் கண்ணைத் துடைத்தார். "திரும்பி வாறாவாம். ஆனா தனக்குக் கட்டளை போடுற உவன் ஆரெண்டு கேக்கிறா. உங்கட பேர் என்ன? சொல்லவோ?"

"வேண்டாம்" என்றேன்.