ஃபஹ்மிதா எடுத்த படங்கள்

லப்பைக்குடிக்காட்டில் அன்சாரின் ஸ்டுடியோவுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தவள் அவன் மனைவி ஃபஹ்மிதா. பெண்களைப் படம் எடுப்பது அவள்தான். வளைகுடாவில் இருக்கும் கணவன்மார்களுக்காக, உள்ளறையில், முக்காடு இல்லாமல்கூட எடுத்துக்கொள்வார்கள். “ஒங்க மாப்புள்ளயத் தவிர யாரும் பாக்க மாட்டாங்க” என்று அவள் சொல்லும் வார்த்தையை நம்பித்தான் அத்தனை பேரும் வந்தார்கள்.

பிராட்பேண்ட் வந்த புதிதில் அன்சார் ஒரு பழைய சர்வரை மலிவாக வாங்கிப் போட்டான். ஒவ்வொரு கணவனுக்கும் தனி பாஸ்வேர்டு. குவைத்தில் இருந்தபடியே அந்தக் கம்ப்யூட்டருக்குள் நுழைந்து தன் வீட்டுப் படங்களை மட்டும் பார்க்கலாம். ஆனால் ஒரே நேரத்தில் இரண்டு பேருக்குத்தான் இடம். அங்கே எல்லாருக்கும் வெள்ளிக்கிழமைதான் லீவு. ஜும்மா முடிந்ததும் முண்டியடிப்பார்கள். நுழைய முடியாதவன் போன் போட்டுத் திட்டுவான்.

இணையத்தில் இலவசமாக ஒரு பேட்ச், சின்ன ஒட்டு மென்பொருள், கிடந்தது. அதைப் போட்டால் எத்தனை பேர் வேண்டுமானாலும் நுழையலாமாம். பெரம்பலூரிலிருந்து வந்து கம்ப்யூட்டர் பார்க்கும் ராஜதுரை தயங்கினான்.

“இது கம்பெனி குடுத்தது இல்ல பாய். எவன் செஞ்சான்னே தெரியாது. போட்டா அப்டேட்டையும் நிறுத்தணும், இல்லாட்டி பேட்ச் கழண்டுடும். சர்வரு வேற கெழடு.”

“போடு துரை. நம்மூருக்கு எவன் வந்து திருடப் போறான்?”

வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டிக்குள் விட்டுக்கொள்ள மனுஷனுக்கு என்ன அவசரம் பாருங்கள். திருடன் பஸ் ஏறியா வர வேண்டும்?

சில மாதங்கள் வெள்ளிக்கிழமைகள் சண்டையில்லாமல் கழிந்தன. பிறகு ஒரு வேலை நாளில், கம்ப்யூட்டர் மெதுவாக ஓடுகிறது என்று பார்க்க வந்த ராஜதுரை, உள்ளே இருப்பவர்களின் பெயர்களில் யாருக்கும் தெரியாத ஒன்றைக் கண்டான். உடனே ஒயரைப் பிடுங்கினான். பேட்ச் செய்தவனே அதில் ஒரு கள்ள வழியும் வைத்திருக்கிறான். வாரக்கணக்காக யாரோ வந்து போயிருக்கிறார்கள். எல்லாப் படங்களும் திறந்தே கிடந்திருக்கின்றன.

வெளியே சொல்ல வேண்டாம், யாருக்குத் தெரியப் போகிறது என்றான் அன்சார். “வாக்குக் குடுத்தவ நானுங்க” என்று ஃபஹ்மிதா கிளம்பிவிட்டாள். வீடு வீடாகப் போய்ச் சொன்னாள். சிலர் ஏசினார்கள், சிலர் கதவைச் சாத்தினார்கள். குவைத்தில் இருக்கும் தவ்ஹீதின் மனைவி மர்ஜியா, அப்போது மாசமாக இருந்தவள், எத்தனை பேர் பார்த்திருப்பார்கள் என்று மட்டும் கேட்டாளாம். ஃபஹ்மிதா வந்து அதையே அன்சாரிடம் கேட்டாள். ஒருவனா, ஓராயிரம் பேரா? அவனுக்கு எப்படித் தெரியும்? சர்வரை உடைத்துப் போட்டான். போன படங்கள் உடைந்த பெட்டிக்கா திரும்பி வரும்?

மர்ஜியாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஒரு படமாவது அனுப்பச் சொல்லித் தவ்ஹீத் குவைத்திலிருந்து கெஞ்சிப் பார்த்தான். குழந்தையைக்கூடக் கேமரா முன்னால் கொண்டுவர அவள் சம்மதிக்கவில்லை.

2007 கடைசியில் அவன் லீவில் வந்தபோது, மன்னிப்புக் கேட்கலாம் என்று அன்சார் போனான். குழந்தை நடக்கத் தொடங்கியிருந்தது. வாப்பாவைக் கண்டு மிரண்டு, தாயின் காலைக் கட்டிக்கொண்டு நின்றது. தவ்ஹீத் கொஞ்சம் தள்ளியே தரையில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தான். அன்சாரை ஒரு வார்த்தை திட்டவில்லை.

“கன்னத்துல குழி விழுதுண்ணே” என்றான். “இன்னிக்கித்தான் தெரியுது.”