தம்பி மேல் நான் போட்ட மனு

காரியாபட்டியில் வாழ்க்கைப்பட்ட எனக்கு, சிவகாசியில் தம்பி வீட்டில் இருந்த அப்பாவை ஏழு மாதமாகப் பார்க்க முடியவில்லை. போன் செய்தாலும் நேரில் போனாலும், "அப்பா தூங்குறாக, பெறகு வாக்கா" என்று தம்பி அனுப்பிவிடுவான். அப்பா பேரில் இருக்கும் வீட்டை எழுதி வாங்கப் போகிறான் என்று சந்தேகப்பட்டு, கோர்ட்டில் மனுப் போட்டேன்.

நீதிபதி அப்பாவை அழைத்து, "மகளைப் பாக்க விடாம மகன் தடுக்கிறாரா?" என்று கேட்டார்.

"ஆமாங்கய்யா."

நான் நினைத்தது சரிதான் என்று தம்பியை முறைத்தேன். நீதிபதிக்கு என்ன தோன்றியதோ, "உங்களுக்கு இருபது வயசா?" என்றார். அதற்கும் அப்பா, "ஆமாங்கய்யா" என்றார்.

தம்பி அழுதுவிட்டான். "பட்டாசுக் கம்பெனியில வெடிச்சுப் பாக்குற வேலையால அப்பாவுக்குக் காது சுத்தமாப் போச்சுக்கா. வேலைய விடச் சொல்லி நீ அம்புட்டு சொல்லியும் அவுக கேக்கல. அந்த வெக்கத்துல, ஒங்கிட்டச் சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டாக" என்றான்.

முதல் பதிலோடு விசாரணை முடிந்திருந்தால் தம்பியின் கதி என்னவாகியிருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது. மனுவைத் திரும்பப் பெற்றேன்.

இப்போது ஞாயிறுதோறும் போய், அப்பாவுக்கு எதிரே உட்கார்ந்து, வாயசைப்பு தெரிய நிதானமாகப் பேசுகிறேன். தம்பி மேல் சந்தேகமே வருவதில்லை என்று சொல்லமாட்டேன். வந்தால் அவனிடமே கேட்டுவிடுகிறேன். போன மாதம்கூட ஒன்று கேட்டேன். கோபித்துக்கொண்டான், ஆனால் பதில் சொன்னான்.