மூன்றாம் தடவை கேட்ட மன்னிப்பு

சலத்திகா ஊரில் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் ஹர்தோயோ வீட்டில் அதிகம் பேசமாட்டார். நாளெல்லாம் "பிரேக்! பிரேக்!" என்று கத்திவிட்டு வருகிறவருக்குத் தொண்டை மிஞ்சுவதில்லை. அதனால்தானோ என்னவோ, நோன்புப் பெருநாள் காலையில் பிள்ளைகள் பெற்றோர் முன் மண்டியிட்டு வருஷத்துத் தப்புக்கெல்லாம் மன்னிப்புக் கேட்கும் அந்தச் சடங்கின் மேல் அவருக்கு உயிர்.

இந்த வருஷம் மகள் வெனிங், கைப்பேசியை ரைஸ் குக்கர் மேல் சாய்த்து வைத்துவிட்டுத்தான் மண்டியிட்டாள். அவர் முழங்காலில் முகம் புதைத்து விசும்பினாள். அவருக்கும் கண் கலங்கியது. "மன்னிச்சிட்டேம்மா" என்று குனிந்து தலையைத் தடவினார்.

வெனிங் சட்டென்று எழுந்தாள். "அப்பா, நீங்க குனிஞ்சதுல என் முகமே தெரியல. இன்னொரு தடவை."

இரண்டாம் தடவை, "கோழிக்குழம்பு ஆறுது, அந்த மன்னிப்பைச் சீக்கிரம் முடிங்க!" என்று சமையலறையிலிருந்து மனைவி லஸ்த்ரி கத்தியதும் சேர்ந்து பதிவாகிவிட்டது.

மூன்றாம் தடவை ஹர்தோயோ கையைக் கட்டிக்கொண்டார்.

"எதுக்கு மன்னிக்கணும்?"

"எல்லாத்துக்கும்பா."

"எல்லாத்துக்கும் மன்னிச்சாச்சு. புதுசா ஒண்ணு சொல்லு."

வெனிங் கைப்பேசியை ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். அவள் குரலே மாறிவிட்டது. "உங்க கார் கதவை நசுக்கினது பக்கத்து வீட்டு ஆடு இல்லப்பா. நான்தான். வீடியோ எடுத்துக்கிட்டே வண்டியைப் பின்னால எடுத்தேன். வாசல் கேட்டுல கதவை இடிச்சிட்டேன்."

ஹர்தோயோ கட்டியிருந்த கையை இறக்கினார். அந்த ஆட்டை வைத்துத்தான் பக்கத்து வீட்டு ஜுமாடியோடு மாதக்கணக்காகப் பேச்சில்லை. "ஆட்டை அடக்கத் தெரியாத மனுஷன்" என்று பள்ளிவாசல் வாசலில் வைத்தே அவரை ஏசியிருந்தார்.

"ஊருக்கெல்லாம் நான் ஓட்டக் கத்துக்கொடுக்கறேன், என் வீட்டுலயே இப்படியா!" என்று மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு நடந்தார். கைப்பேசி குக்கர் மேலேயே கிடந்தது.

ஜுமாடி வாசலில் அப்பாவும் மகளும் சேர்ந்தே மண்டியிட்டார்கள். விஷயத்தைக் கேட்ட ஜுமாடி வயிறு குலுங்கச் சிரித்தார்.

"நான் மன்னிச்சிட்டேன்யா. ஆனா என்னைவிட அதிகமா திட்டு வாங்கினது அந்த ஆடுதான். கொல்லையில கட்டியிருக்கு, போய்க் கேளு!"

ஹர்தோயோ நிஜமாகவே போனார். ஆடு அவர் சட்டை நுனியை மென்றது.

அதற்குள் லஸ்த்ரி குழம்புச் சட்டியை அங்கேயே தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். சாப்பிடும்போது வெனிங் தயங்கிக் கேட்டாள்.

"அந்த மூணாவது வீடியோவை அழிச்சிடட்டுமாப்பா?"

"அழிச்சிடு. லீவு முடிஞ்சதும் என் வகுப்புல வந்து சேரு. வண்டியைப் பின்னால எடுக்க முறையா கத்துக்கோ."

"அதை மட்டும் வீடியோ எடுக்கலாமா?"

அவர் பார்த்த பார்வையில் வெனிங் தலையைக் குனிந்துகொண்டு இன்னொரு கோழித்துண்டை எடுத்தாள்.