நூற்றுப் பன்னிரண்டு மணித்தியாலம்

மாதம் பிறந்து முதற் கிழமை முடிவதற்குள் டோஹாவிலிருந்து ஸஜாத்தின் குரல் பதிவு வந்துவிடும். "மச்சான், இந்த மாசக் கேம் மூண்டும் வந்திட்டு. எடுத்துப் போட்டு வெச்சிருக்கன். சும்மாதான், விளையாடுங்க." அந்தச் 'சும்மாதான்' காதில் விழுந்ததும் றிஸ்வான் பதிவை நிறுத்திவிடுவான்.

ஸஜாத், றிஸ்வானுடைய மனைவி அஸ்பியாவின் காக்கா, கூடப்பிறந்த மூத்தவன். போன லீவில் வந்தபோது ஒரு கேம் மெஷினைக் கொண்டுவந்து கல்முனைக்குடி வீட்டின் டீவிக்குக் கீழே பொருத்திவிட்டுப் போனான். கணக்கு அவன் பெயரில். வருடச் சந்தாவும் அவனே கட்டுகிறான். சந்தா இருக்கும்வரை மாதாமாதம் இரண்டு மூன்று கேம் இலவசம். சந்தா நின்ற அன்றைக்கு அத்தனை கேமுக்கும் மேலே ஒரு பூட்டுப் படம் விழும். விருந்துக்குக் கூப்பிட்டு, எல்லோரும் சுற்றியிருந்து சாப்பிடுகிற சஹன் தட்டில் கை வைத்த பிறகு தட்டை இழுத்தெடுக்கிற இந்த வகை இலவசத்தில் றிஸ்வானுக்கு நம்பிக்கை கிடையாது.

அவன் பொத்துவில்காரன். ஏழு வருடம் டோஹாவில் தண்ணீர் பவுசர் லொறி ஓட்டினான். உழைத்ததெல்லாம் இரண்டு தங்கச்சிமாருக்கு வீடாகப் போனது. இந்தக் கரையில் பெண்ணுக்கு வீடு கொடுக்காமல் கல்யாணம் இல்லை. அந்த வீட்டைக் கட்டுகிற பொறுப்பு வாப்பாவுக்கும் காக்காமாருக்கும். அவன் கட்டிய இரண்டு வீட்டிலும் இப்போது இரண்டு மாப்பிள்ளைகள் காலை நீட்டிப் படுத்திருக்கிறார்கள். அவனோ ஸஜாத் கட்டிய வீட்டில் மாப்பிள்ளையாக இருக்கிறான். கதவு, கட்டில், கறிச்சட்டி எல்லாமே அஸ்பியாவுக்கு வந்தவை. இதில் குறை சொல்ல ஒன்றுமில்லை, ஊரே இப்படித்தான். ஆனால் கம்பனி மூடி, வேலை போய், ஒரு சூட்கேசோடு வந்து இறங்கிய நாளிலிருந்து, இந்த வீட்டில் தான் எந்தச் சந்தாவில் இருக்கிறோம் என்று அவன் யோசிக்கத் தொடங்கியிருந்தான்.

கேம் மெஷினை அவன் தொட்டது இரண்டே தடவை. முதல் தடவை, மச்சான் இவ்வளவு சொல்கிறாரே என்று மரியாதைக்குத் திறந்து பார்த்தான். அந்த மாதம் வந்ததில் ஒன்றில் பிணங்கள் எழும்பி வந்து மனிதக் குடலை இழுத்துத் தின்றன. இன்னொன்றில் ஒரு பன்றிக்குச் சட்டை மாற்றிவிட்டு அதைக் கடைக்குக் கூட்டிப்போக வேண்டும். மூன்றாவது, ட்ராக்டரில் வயல் உழுகிற கேம். அதை அவன் திறக்கவேயில்லை. காசு கொடுத்து எவனும் வாங்காததைத்தான் சும்மா என்று தலையில் கட்டுகிறார்கள் என்று நினைத்து, அணைத்துவிட்டு எழும்பினான். பல நாள் கழித்து, டீவி மேசையைத் துடைக்கும்போது கேம் ரிமோட்டைக் கையில் எடுத்தான். ஒரே எண்ணெய்ப் பிசுக்கு. பொத்தான் இடுக்குகளில் பொரித்த ரோல்ஸின் தூள் ஒட்டி ஊறிப்போயிருந்தது. யாராவது பிள்ளைகள் வந்து விளையாடியிருக்கும் என்று அருவருத்துக்கொண்டு சோப்புப் போட்டுக் கை கழுவினான்.

காலை எட்டு மணிக்கு வீட்டை விட்டு இறங்கினால் அவன் பகல் சாப்பாட்டுக்குத்தான் வருவான். கல்முனை லொறிக்காரர்கள், சம்மாந்துறை அரிசி ஆலைகள், ஏஜென்சிகள் என்று ஏறி இறங்காத படி இல்லை. எல்லோரும் நாளைக்கு வரச் சொன்னார்கள். கடைசியில் கை கொடுத்ததும் ஸஜாத்தான். அவனுடைய கம்பனியிலேயே ஒரு ட்ரைவர் விசா இருந்தது. பெயர் கொடுத்தாகிவிட்டது, மனேஜரும் சம்மதித்துவிட்டார், ஒரு மாதத்தில் வரும் என்றான். றிஸ்வான் அந்த ஒரு மாதத்தை விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தான்.

வெள்ளிக்கிழமை அஸர் தொழுகை முடிந்ததும் ஸஜாத் வீடியோ கோல் எடுப்பது வழக்கம். வீட்டார் எல்லோரும் போனுக்கு முன்னால் வந்து உட்கார வேண்டும். அஸ்பியாவின் வாப்பா, அதாவது மாமா மீராமுகைதீன் நடுவில், தொப்பியோடு. பதினெட்டு வருடம் வாய்க்கால் தண்ணீரைப் பங்கிடுகிற வட்டவிதானையாக இருந்து, வயற்காரர்களின் தண்ணீர் வழக்கெல்லாம் தீர்த்து வைத்தவர். பள்ளிவாசல் நிருவாகத்திலும் இருக்கிறார். வீரமுனைப் பக்கம் அவருக்கு ஆறு ஏக்கர் வயல் உண்டு. அதை இராசதுரை என்பவர் பார்க்கிறார். மாமா வயலுக்குப் போய் மாதக் கணக்காகிறது. கேட்டால் முழங்கால் நோ என்பார். அவருக்குப் பக்கத்தில் மாமி ஹாஜறா. இளைய மகளின் பச்சைப் பிள்ளையைக் குளிப்பாட்டக் காலையிலேயே போய்விடுகிறவர். அஸ்பியா பள்ளிக்கூட ரீச்சர். அதாவது காலை எட்டிலிருந்து ஒரு மணிவரை அந்த வீட்டில் மாமாவைத் தவிர ஒரு குருவி இல்லை.

அன்றைக்கு ஸஜாத் சலாம் சொன்னதுமே தொடங்கிவிட்டான்.

"மச்சான், குறை நினைக்காதீங்க. என்ட கணக்குல எல்லாம் தெரியும். போன மாசம் அந்த வயல் கேம் மட்டும் நூத்திப் பன்னிரண்டு மணித்தியாலம் ஓடியிருக்கு. அதுவும் காலையில. வேலை தேடிப் போறன் எண்டு சொன்ன நேரம்."

றிஸ்வானுக்கு முதலில் விளங்கவில்லை. "நான் விளையாடல்ல மச்சான்," என்றான்.

"அப்ப ஜின் வந்தா விளையாடுது?"

மாமி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். மாமா தொப்பியைக் கழற்றித் தட்டித் திரும்பப் போட்டார். பிறகு, வயல் வட்டைக் கூட்டங்களில் பேசுகிற அதே கனத்த குரலில் சொன்னார்: "மகன், ஏசாத. ஆனா மருமகன், பொம்புளப்புள்ள உழைக்கப் போற வீட்டுல ஒரு ஆம்புள குந்திக்கொண்டு விளையாடுறது சரியில்லதான்."

"விசாவ வேற ஆளுக்குக் குடுக்கப் போறன்," என்றான் ஸஜாத். "அங்க வந்தும் இப்படி இருந்தா என்ட பேர்தான் கெடும்."

றிஸ்வான் அஸ்பியாவைப் பார்த்தான். அவள் போனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இரண்டு நாள் கழித்து, கல்முனைப் பசளைக் கடை வாசலில் இராசதுரை அவனை மறித்தார். ஆள் வெயிலில் கறுத்துப்போய், கோபத்தோடு நின்றார்.

"தம்பி, போடியாருக்கு, உங்கட மாமாவுக்கு, என்ன நடந்த? கதிர் வெளிவாற நேரம், வேளாண்மை குடலைப் பருவத்துல நிக்குது. மேல் வாய்க்கால அடைச்சுப் போட்டு அவனுகள் தண்ணி விடுறானுகள் இல்ல. போடியார் வந்து ஒரு சொல்லுச் சொன்னா விடுவானுகள். கோலுக்கு மேல கோல் எடுத்துப் பாத்திட்டன். ரெண்டு தரம் வீட்டுக்கும் வந்து கூப்பிட்டன், சத்தமில்ல. யன்னலால பாத்தா மனிசன் டீவியில வயல் உழுதுகொண்டு இருக்கார்."

இராசதுரை சிரிக்காமலே சொன்னார்: "நல்லாத்தான் உழுறார். வரம்போரம்கூட விடாம உழுறார்."

அடுத்த நாள் பத்து மணிக்கு றிஸ்வான் வீடு திரும்பினான். மோட்டார் சைக்கிளைத் தெரு முனையில் விட்டுவிட்டு நடந்து வந்து யன்னலுக்குப் பக்கத்தில் நின்றான். மாமா சாரத்தைத் தொடைவரை ஏற்றிக்கொண்டு, நோப்பட்ட முழங்காலை நன்றாக மடக்கிக் கதிரை மேல் சம்மணம் போட்டிருந்தார். வாயோரத்தில் நாக்கு நுனி எட்டிப் பார்த்தது. பக்கத்தில் ஒரு தட்டு நிறைய ரோல்ஸ். ஒரு கடி கடிப்பார், விரலை நக்குவார், அதே விரலால் பொத்தானை அமுக்குவார். மேசையில் போன் அதிர்ந்து அதிர்ந்து நகர்ந்துகொண்டிருந்தது. அதில் இராசதுரையின் பெயர். மாமா போனைக் குப்புறப் புரட்டி வைத்தார்.

அவன் உள்ளே போனான். மாமா திடுக்கிடவுமில்லை, எழும்பவுமில்லை. கண்ணை டீவியிலிருந்து எடுக்காமல், "செத்தப் பொறுங்க மருமகன், மழைக்குக் கட்டிக்கொண்டு வருது. அறுத்து முடிக்கணும்," என்றார்.

அறுத்து முடியும்வரை அவன் நின்றான். அப்படி நின்றதற்காகப் பிறகு தன்னையே ஏசிக்கொண்டான்.

"ஸஜாத்துக்கிட்டச் சொல்ல வேணாம்," என்றார் மாமா, சாரத்தில் கையைத் துடைத்துக்கொண்டு. "நான் பள்ளி நிருவாகத்துல இருக்கிற ஆள். ஊருல தெரிஞ்சா தலை காட்ட ஏலா. நீங்க இளம் ஆள்தானே, உங்களுக்கு இது ஒரு பேச்சோட போகும்."

"விசா போயிட்டு மாமா."

"அல்லாஹ் வேற வழி காட்டுவான்," என்று சொல்லிவிட்டு, தட்டை அவன் பக்கம் தள்ளினார். "ஒரு ரோல்ஸ் தின்னுங்க."

அஸ்பியா பள்ளிக்கூடத்திலிருந்து வந்து அபாயாவைக் கழற்றி மடித்துக்கொண்டிருக்கும்போது அவன் எல்லாவற்றையும் சொன்னான். சொல்லி முடித்தால் அவள் பதறுவாள், அழுவாள், உடனே காக்காவுக்குக் கோல் எடுப்பாள் என்றுதான் நினைத்தான். அவள் அபாயாவின் கையை நேராக இழுத்து மடித்து வைத்தாள்.

"தெரியும்," என்றாள்.

"எப்ப இருந்து?"

"மூணு மாசமா. ஒருநாள் தலையிடி எண்டு நேரத்தோட வந்தன். பாத்தன்."

"அண்டைக்குக் காக்கா கேக்கக்குள்ள ஏன் வாயத் திறக்கல்ல?"

"வாப்பாட மானம் போகுமே. இவ்வளவு வயசுல, மருமகனுக்கு முன்னால."

"என்ட மானம்?"

அவள் உண்மையிலேயே யோசித்தாள். அதுதான் அவனுக்குத் தாங்க முடியாமல் இருந்தது. யோசித்துவிட்டுச் சொன்னாள்: "நீங்க வெளியூர் ஆள்தானே. இஞ்ச உங்கள ஆருக்குத் தெரியும்?"

வந்த வெள்ளிக்கிழமையும் கோல் வந்தது. ஸஜாத் இந்த முறை சுருக்கமாகவே பேசினான். வருடச் சந்தா முடிகிறது, இனிக் கட்டப் போவதில்லை, இந்த மாதத்தோடு எல்லாம் பூட்டிவிடும் என்றான். மாமாவின் முகம் வாடியது. கொஞ்ச நேரம் தாடியை உருவிக்கொண்டிருந்தார். பிறகு தொண்டையைக் கனைத்தார்.

"மகன், கட்டி விடு. மருமகன் பாவம். வேலையுமில்லாம, விசாவுமில்லாம இருக்கிற மனிசன். அதையும் பறிச்சா என்ன செய்வார்? எனக்காக இல்ல, அவருக்காகத்தான் கேக்கன்."

அவர் கண் கலங்கியிருந்தது. மாமி அவரை மெச்சிப் பார்த்தார். தனக்காக ஒரு வயதான மனிதர் கெஞ்சுவதைப் பார்த்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கிற ஆளாக றிஸ்வான் அங்கே இருந்தான். வெற்றிலைத் துப்பலைக் கையில் வாங்கினவன் மாதிரி இருந்தது அவனுக்கு. ஒருதரம், ஒரேயொருதரம், அஸ்பியாவைப் பார்த்தான். சொல்ல வேண்டியவள் அவள்தான். அவள் சொன்னால் அது வீட்டுக்குள் நிற்கும், அவன் சொன்னால் மாமாவைக் காட்டிக்கொடுத்த மாப்பிள்ளை என்று ஊர் பேசும். அஸ்பியா முந்தானை நுனியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள்.

"கட்டுங்க மச்சான்," என்றான் றிஸ்வான். "பூட்ட வேணாம். நான் நாளைக்குப் பொத்துவிலுக்குப் போறன். ஹோட்டல் வேன் ஒண்டு ஓட்டக் கேட்டிருக்காங்க. ஒரு மாசத்துக்கு வரமாட்டன். நான் இல்லாத மாசம் எத்தினை மணித்தியாலம் ஓடியிருக்கு எண்டு நீங்களே பாத்துச் சொல்லுங்க."

மாமாவின் கை தாடியிலேயே நின்றது. ஸஜாத் கட்டுவதாகச் சொன்னான்.

அந்த மாதம் முழுதும் றிஸ்வான் அறுகம்பேயில் வெள்ளைக்காரரையும் அவர்களுடைய அலைச்சறுக்குப் பலகைகளையும் ஏற்றி இறக்கினான். தங்கச்சி வீட்டில் தங்கினான். தான் கட்டிய வீட்டின் முன்னறையில், மாப்பிள்ளையின் சாரத்தைக் கொடியில் ஒதுக்கிவிட்டுத் தன்னுடையதைப் போட்டான். ஒவ்வொரு நாளும் காலை பத்து மணிக்கு, கல்முனைக்குடியில் அந்தத் தட்டும் அந்த நாக்கு நுனியும் அவன் கண்ணுக்குள் வந்துபோகும். ஆறு ஏக்கர் காய்ந்து செத்தாலும் அசையாத மனிதர், இதை ஒரு நாள் விடமாட்டார். நாளொன்றுக்கு ஐந்து மணித்தியாலம் என்றால், பள்ளிக்கூட நாட்களை மட்டும் எண்ணினாலும் மாதத்துக்கு நூறுக்கு மேல் வரும். அந்த எண் ஸஜாத்தின் கண்ணில் பட்டால் போதும், அவன் வாயைத் திறக்கவே தேவையில்லை.

மாதம் பிறந்தது. முதற் கிழமை குரல் பதிவு வந்தது. வேனை ஓரமாக நிறுத்திவிட்டுக் கேட்டான்.

"மச்சான், பாத்தன். நீங்க போன நாளில இருந்து ஒரு நிமிசமும் ஓடல்ல. நான் வேற ஒண்டும் சொல்லல்ல. உங்களுக்கே விளங்கும்."

அவன் இரண்டாம் தரமும் போட்டுக் கேட்டான். கிழவர் தொடவில்லை. மூன்று மாதம் விட முடியாததை, மானம் என்றதும் முப்பது நாள் விட்டிருக்கிறார். அந்த முப்பது நாளும் அவனுடைய தலையில் நூற்றுப் பன்னிரண்டு மணித்தியாலத்தையும் ஆணியடித்துப் பூட்டியிருந்தது.

அன்று பின்னேரம் இராசதுரை கோல் எடுத்தார். அவருடைய குரலில் சந்தோஷம் வழிந்தது. "தம்பி, போடியார் இப்ப ஒவ்வொரு நாளும் காலையில வயலுக்கு வாறார். மேல் வாய்க்கால்காரனை ஒரு பிடி பிடிச்சார், தண்ணி வந்திட்டு. வரம்புல குந்திக்கொண்டு ஒரு மணிவரைக்கும் போறாரில்ல. கதிர் நல்லா வந்திருக்கு. உங்களுக்குத்தான் புண்ணியம், நீங்கதானே சொல்லியிருப்பீங்க."

"ஓம் அண்ணன்," என்றான் றிஸ்வான்.

போனை வைத்துவிட்டு, வேன் கதவைத் திறந்து மணலில் காறித் துப்பினான். அஸ்பியாவின் செய்தி ஒன்றும் கிடந்தது: மாசம் முடிஞ்சிட்டே, எப்ப வாறீங்க? அதை அப்படியே விட்டுவிட்டு ஸஜாத்தின் பெயரைத் தொட்டு, பொத்தானை அமுக்கிப் பிடித்துக்கொண்டு பேசினான்.

"அடுத்த மாசத்தையும் பாருங்க மச்சான். அதுக்கு அடுத்ததையும் பாருங்க. அறுவடை முடியட்டும், வயல்ல வேலை இல்லாத மாசத்தையும் பாருங்க. நான் வரல்ல."