பூசைக்கு வந்த பொலிஸ்காரி

அந்த நாள்களை நினைத்தால் முதலில் வெளிச்சம்தான் வருகிறது. மன்னார்க் கடலுக்கும் வானத்துக்கும் நடுவில் கோடே தெரியாத வெள்ளை வெளிச்சம். அதற்குள் யாருக்கோ கலியாணம் நடந்தது. பொம்பிளை நான்தான் என்பது எனக்கே மெல்ல மெல்லத்தான் உறைத்தது.

ஒன்று மட்டும் தெளிவாக இருக்கிறது. மாதா கோயில் பீடத்தின் முன்னால் சுவாமி, "முழு மனதோடு சம்மதிக்கிறீரோ?" என்று கேட்டார். நான் வாய் திறக்கவில்லை. முக்காட்டைச் சரிசெய்வதுபோல வந்த அம்மா, அதற்குள் கையை விட்டு என் பிடரியை அழுத்தினார். தலை குனிந்தது. நான் சம்மதம் சொல்லித் தலையாட்டியதாகவே கோயில் முழுக்கப் பார்த்தது. பாட்டும் தொடங்கிவிட்டது. அட ஆண்டவரே, ஒரு பிடரியைப் பிடித்தே ஒரு கலியாணத்தை முடித்துவிடலாம் என்று எனக்கு அன்றுதான் தெரியும்!

மாப்பிள்ளை வெள்ளாங்குளத்தில் வயல் வைத்திருந்த தூரத்துச் சொந்தம். அங்கே என்னை அறைக்குள் வைத்துப் பூட்டினார்கள். அம்மாவுக்குச் சொல்லி அனுப்பினேன். "போகப் போகப் பழகிப்போகும்" என்று பதில் வந்தது. ஒரு விடியலில் கிணற்றடிக்குப் போவதாகச் சொல்லி வெளியே வந்து, அப்படியே பஸ்ஸில் ஏறிவிட்டேன். நித்திரையா விழிப்பா என்று தெரியாமல் இருந்தேன். பனைகள் வந்தன, போயின. மன்னார்ப் பாலத்தில் இரண்டு பக்கமும் தண்ணீரைக் கண்ட பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது.

நான் அடைக்கலம் தேடிப் போன கன்னியர் மடத்துச் சிஸ்டர்தான் என்னை வழக்குக்காகக் கோட்டுக்குக் கூட்டிப்போனார். நீதவான் என்னை முழுக்கப் பேசவிட்டார். பிறகு கட்டளையிட்டார்: மாப்பிள்ளையும் என் வீட்டாரும் என்னை நெருங்கக்கூடாது, மடத்தை விட்டு நான் வெளியே போனால் பொலிஸ் துணைக்கு வர வேண்டும். ஆனாலும் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களோ என்ற பயம் என்னை விடவில்லை.

ஞாயிறு பூசைக்கு, வீட்டாரும் வரும் எங்கள் கோயிலுக்கே போகப்போவதாகச் சொன்னேன்.

"வேற கோயில் இல்லையே, பிள்ளை?" என்றார் சிஸ்டர்.

"கோயில் என்ன அவையின்ரை முதுசச் சொத்தே? நான் போறன்."

துணைக்கு வந்த பொலிஸ்காரி சிங்களப் பிள்ளை. பூசை தெரியாது. நான் இருந்தால் இருந்தாள், முழந்தாளிட்டால் முழந்தாளிட்டாள். அம்மா முதலே வந்து எங்களுக்கு முன் வாங்கில் இருந்தார். திரும்பிப் பார்க்கவேயில்லை. சாம்பிராணிப் புகையும் பாட்டும் சேர்ந்து என்னை எங்கேயோ மிதக்க வைத்தன. அம்மாவின் சீலையில் எங்கள் வீட்டில் துணி தோய்க்கும் சவர்க்காரத்தின் வாசம் வந்தது. கிட்டப் போக ஆசையாகத்தான் இருந்தது, மறைத்து என்ன?

"ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக்கொள்வோம்" என்றார் சுவாமி. அந்த இடத்தில் எல்லோரும் அக்கம்பக்கம் திரும்பிக் கைகூப்புவோம். அதை இவளுக்குச் சொல்ல மறந்துபோனேன். முன் வாங்குகளில் நின்ற சனம் எல்லாம் ஒரேயடியாக எங்கள் பக்கம் திரும்பியதும் பொலிஸ்காரி திடுக்கிட்டு எனக்கு முன்னால் பாய்ந்து நின்றாள்.

"நங்கி, பின்னால வா!" என்றாள். நங்கி என்றால் தங்கச்சி.

அவள் தோளுக்கு மேலால் அம்மாவின் முகம் தெரிந்தது. கைகூப்பியிருந்தார்.

"சமாதானம், பிள்ளை."

எனக்கு அழுகை வந்தது. பக்கத்தில் நின்ற ஒரு மாமி, "இது பூசைமுறை, பயப்பிடாதேங்கோ" என்று பொலிஸ்காரிக்குச் சொன்னார். விலகட்டுமா என்று கேட்பதுபோல அவள் என்னைப் பார்த்தாள். எனக்குப் பிடரியில் அந்தக் கை இன்னும் இருந்தது.

"அங்கயே நில்லுங்கோ, மிஸ்" என்றேன்.

பிறகு அவள் தோளுக்கு மேலாலேயே அம்மாவைப் பார்த்துக் கைகூப்பினேன்.

"உங்களுக்கும் சமாதானம், அம்மா."

வழக்கமாகத் தலையும் குனிவோம். நான் குனியவில்லை.