நடிகையின் அழுகை

ஹவுன்ஸ்லோ முதியோர் இல்லத்தில் நான் தரை துடைத்துக்கொண்டிருந்தபோது, ஒரு வெள்ளைக்காரக் கிழவி வயிற்றைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

“விடுங்கோ அண்ணை. சுவீடனில மேடை, படமெண்டு பேர் எடுத்தவ. இதுவும் நடிப்புத்தான்” என்று சிரித்தாள், எங்கள் ஊர்த் தாதி.

‘நடிப்பு’ என்ற அந்தச் சொல்லைச் சிறுவயதிலும் கேட்டிருக்கிறேன். என் அம்மாவும் நாடக நடிகை. சாம்பிராணிப் புகைக்குள் அப்பாவின் உடலைக் கட்டிக்கொண்டு அவர் கதறியபோது, “பாருங்கோவன், செத்த வீட்டிலயும் நடிக்கிறாள்” என்றார் மாமி. அம்மா சட்டென்று வாயைப் பொத்தினார். பிறகு எதற்கும் அழவில்லை. அவர் வயிற்றில் புற்றுநோய் இருந்தது சாகும்போதுதான் எங்களுக்குத் தெரிந்தது.

வேலையிடத்தில் வாய் திறக்காதவன் நான். “பிள்ளை, அவவுக்கு உண்மையா நோகுது. டொக்டரைக் கூப்பிடுங்கோ” என்றேன். அவள் முகம் மாறி, டொக்டரைக் கூப்பிடப் போனாள்.

கிழவி என்னைப் பார்த்ததும் உதட்டைக் கடித்து அழுகையை அடக்கினார்.

“அழுங்கோ அம்மா” என்றேன்.