ஆடு தேடப் போன காலை

அக்காவை இனித் திருப்பூருக்கு அனுப்புவதில்லை என்று அப்பா சொன்ன பொங்கலின்போது நான் மூன்றாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்தேன். பிளஸ் டூ முடித்துப் பனியன் கம்பெனியில் தைக்கப் போயிருந்த அக்கா, சுடிதாரும் செல்போனுமாக லீவுக்கு மலையேறி வந்திருந்தாள். அவள் வந்ததைக் கேள்விப்பட்டதும், மலைமேல் இன்னொரு பக்கமிருக்கும் பெரக்கரை நாட்டு அத்தை வெற்றிலை பாக்கோடு வந்துவிட்டாள். அத்தை மகனுக்குத்தான் அக்கா என்பது அவள் தொட்டிலில் கிடந்தபோதே பேசி வைத்தது. அப்பா தலையாட்டிவிட்டார். கூடப்பிறந்த மூத்தவளிடம் மாட்டேன் என்று சொல்ல அவருக்கு வாய் வராது.

"அவரக் கட்டிக்க எனக்கு இஷ்டமில்லீங்கப்பா. நான் வேலைக்கே போறனுங்க" என்றாள் அக்கா. அப்பா குச்சிக்கிழங்கு மூட்டை ஏற்ற லாரிக்குப் போய்விட்டார். அதன்பிறகு வீட்டில் யாரும் யாரோடும் சரியாகப் பேசவில்லை.

ஒருநாள் விடிந்ததும் அம்மா பதறிக்கொண்டு வந்தாள். "ஏனுங்க, சினையாட்டக் காணமுங்க! பாப்பாவக் கூட்டிக்கிட்டுப் போய்ப் பாருங்க."

அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு என்னோடு கிளம்பினார். மிளகுக்கொடி படர்ந்த மரங்களைத் தாண்டும்போது, பக்கத்து வீட்டுக் கொட்டாயிலிருந்து ஆடு கத்தியது. எங்கள் ஆடுதான். அதன் கம்மிய குரல் எனக்கு நன்றாகத் தெரியும்.

"அப்பா, அங்க கத்துதுங்க!"

அப்பா நின்று கொட்டாயைப் பார்த்தார். "அது வேற ஆடு கண்ணு. நம்முளுது காட்டுக்குள்ள போயிருக்கும், வா" என்று எதிர்ப்பக்கம் நடந்தார்.

மேட்டுப் பாறையில் போய் உட்கார்ந்துகொண்டார். ஆடு தேட வந்தவர் இப்படி உட்காரலாமா என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. கீழே காலை பஸ் ஹாரன் அடித்தபடி வளைவு வளைவாக இறங்கியது. அந்தச் சத்தம் அடங்கும்வரை அப்பா எழுந்திருக்கவில்லை.

வீட்டில் அக்காவும் இல்லை, அவள் பையும் இல்லை. ஆடு மட்டும் வாசலில் தழை தின்றுகொண்டிருந்தது. அத்தை வந்து ஊரே கேட்கச் சத்தம் போட்டபோது, "நான் ஆடு தேடப் போயிட்டனக்கா, அந்நேரம் பாத்துப் போயிட்டா" என்று அப்பா தலைகுனிந்து நின்றார். அத்தை அதன்பின் வெகுகாலம் எங்கள் வீட்டுக்கு வரவில்லை.

அன்று அத்தை போனதும் அம்மாவின் காதில் சொன்னேன்: "அப்பாவுக்கு நம்ம ஆட்டுச் சத்தமே தெரியலம்மா. கொட்டாய்க்குள்ளதான் கத்துச்சு. வேற ஆடுன்னுட்டாரு."

அம்மா கிண்டிக்கொண்டிருந்த அகப்பையை வைத்துவிட்டாள். "கொட்டாயப் பாத்தாரா?"

"நல்லாப் பாத்தாரு."

"இன்னொருக்காச் சொல்லு சாமி."

பொழுது சாய்வதற்குள் அதைத் திரும்பத் திரும்பச் சொல்லவைத்துக் கேட்டாள். சொந்த ஆட்டின் குரல்கூடத் தெரியாத மனிதரைப் பற்றிக் கேட்பதில் அவளுக்கு அப்படி என்ன சந்தோஷம் என்று எனக்கு விளங்கவில்லை.